காலி வண்டியின் எடை

கார் எல்லா விதத்திலும் நன்றாகத்தான் இருந்தது. எடை மட்டும் உதைத்தது.

பழைய வெளிநாட்டுக் கார்கள் விற்கும் யார்டின் தகர அறைக்குள் உட்கார்ந்து, ஃபைலின் முதல் பக்கத்தையும் ஏழாம் பக்கத்தையும் அவள் மாறி மாறிப் பார்த்தாள். தொழிற்சாலை கொடுத்த எடை ஆயிரத்து முந்நூற்றுப் பத்து கிலோ. முதல் துறைமுகத்தில் கப்பலேற்றும்போது நிறுத்துப் பார்த்தவன் எழுதியிருந்தது ஆயிரத்து முந்நூற்று எண்பது. பெட்ரோல் கணக்கு என்று தள்ளிவிடவும் வழியில்லை. கப்பலில் ஏற்றுகிற காருக்கு டேங்க் கிட்டத்தட்ட வற்றியிருக்க வேண்டும். அப்படியானால் இந்த எழுபது கிலோ எங்கிருந்து குதித்தது?

வேறு யாராக இருந்தாலும் அந்தக் கட்டத்தைப் பார்த்திருக்கவே மாட்டார்கள். அவள் பதினான்கு வருடமாகத் துறைமுக அலுவலகம் ஒன்றில், கப்பலில் வந்திறங்கும் கார்களின் காகிதங்களைச் சரிபார்த்து வயிறு வளர்க்கிறவள். அந்த நாட்டு எழுத்து ஒன்றுகூடத் தெரியாது, ஆனால் படிவம் தெரியும். எந்தக் கட்டத்தில் சேஸிஸ் எண், எதில் ஓடிய தூரம், எதில் எடை என்று கண்ணை மூடிக்கொண்டு விரல் வைப்பாள். கடைத்தெருவில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கும் அவள் கணவர் இதற்காகவே அவளுக்கு ‘கஸ்டம்ஸ்’ என்று பட்டம் கொடுத்திருந்தார். பால் பாக்கெட்டைக்கூடத் தேதி பார்க்காமல் உள்ளே விடாத பெண்ணுக்கு வேறென்ன பெயர் வைப்பது என்பது அவர் கட்சி.

அந்த மனிதர் இப்போது வெளியே, நாலு மணிக்கே விளக்கு போடவைத்த மழையில், குடையைத் தோளில் சாய்த்துக்கொண்டு அடர் பச்சை நிறக் காரைச் சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருந்தார். கல்யாணமாகிப் பதினோரு வருடத்தில் அவர் தனக்கென்று ஆசைப்பட்டது இது ஒன்றுதான். குழந்தை இல்லை, பெற்றவர்களும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அவளுக்கு அவரும், அவருக்கு அவளும் என்று ஆகிப்போன வீடு. அந்தக் காரை அவருக்கு வாங்கிக் கொடுத்துவிட வேண்டும் என்று அவளுக்கும் உள்ளூர ஆசை இருந்தது.

“என்ன கஸ்டம்ஸ், பாஸா ஃபெயிலா?” என்று வாசலில் தலையை நீட்டினார்.

“இருங்க. எடை இடிக்குது.”

“என் எடையா, அதோட எடையா?”

அவளுக்குச் சிரிப்பு வந்தது. மேசைக்கு எதிரே இருந்த யார்டு முதலாளிக்கு வரவில்லை. இடுப்பில் நாற்பது ஐம்பது சாவிகளைக் கோத்துக் கட்டியிருந்ததால் ஊரே அவரைச் சாவிக்கொத்து என்றுதான் கூப்பிட்டது. நடந்தாலும் உட்கார்ந்தாலும் ஓயாமல் சலசலக்கிற அந்தக் கொத்தை, காரின் பேச்சு எடுத்ததிலிருந்து அவர் உள்ளங்கையால் பொத்திப் பிடித்திருந்தார்.

அவள் புரட்டினாள். முதல் நாட்டிலிருந்து கிளம்பிய கார் இரண்டாவது நாடு ஒன்றில் இரண்டு வருடம் ஓடியிருந்தது. பிறகு மறுபடியும் கப்பல். அந்தத் துறைமுகத்தின் எடைச்சீட்டு: ஆயிரத்து நானூற்று ஐம்பத்தைந்து. இன்னொரு எழுபத்தைந்து ஏறியிருந்தது. இரண்டு சீட்டிலும் ‘உள்ளே பொருள் எதுவும் இல்லை’ என்ற கட்டத்தில் சோதித்தவனின் முத்திரை.

அவள் தொழிலில் இது ஒன்றும் அதிசயமில்லை. பழைய காரின் கதவுக்குள்ளும் இருக்கைக்கு அடியிலும் எஞ்சின் உதிரிகளைத் திணித்து, வரி கட்டாமல் கடத்துகிற கில்லாடிகள் எத்தனையோ பேர். எடை இடித்தால் காரைப் பிரிக்கக் கூடாது. முதலில் காலியாக எடைமேடையில் ஏற்றி, இன்றைய எடையைச் சீட்டாக வாங்க வேண்டும். அவள் அலுவலகத்தில் அதுதான் முறை. கை தன்னால் அந்த முறைக்குப் போயிற்று.

“அண்ணே, இங்க பக்கத்துல எடைமேடை இருக்கா?”

“ரெண்டாவது திருப்பத்துல இருக்கு.”

“யாராவது வண்டிய எடுத்துட்டுப் போய் எடை போட்டுட்டு வரட்டும்.”

சாவிக்கொத்து மழையைப் பார்த்தார். “எங்க ஆளுங்க அதுல ஏற மாட்டானுங்கம்மா. துறைமுகத்துலேருந்தே லாரியில கட்டித்தான் இழுத்துட்டு வந்தோம்.”

“ஏன்?”

“கழுவப் போனவன் வாளியப் போட்டுட்டு ஓடி வந்துட்டான். உள்ள யாரோ தூங்கிட்டு இருக்கற மாதிரி இருக்காம், சத்தம் போடவே கூச்சமா இருக்காம். பைத்தியக்காரப் பய.” அவர் குரலில் திட்டு இருந்தது, தெம்பு இல்லை. “வேணும்னா சார் ஓட்டிப் பாக்கட்டுமே. ஓட்டிப் பாக்காம யாரு வாங்குவா?”

கேட்க வேண்டுமா! கணவர் சாவியைப் பிடுங்காத குறையாக வாங்கினார். போகும்போது அவள் தலையில் லேசாகத் தட்டிவிட்டு, “சீட்டோட வரேன், பாஸ் போட்டு வை” என்றார்.

“மேடையில ஏத்திட்டு நீங்க இறங்கிடணும். காலி வண்டியாத்தான் நிறுக்கணும்,” என்று அவள் பின்னாலேயே சொன்னாள்.

கார் கிளம்பியது. எஞ்சின் சத்தம் பழுதில்லாமல் மெதுவாக இருந்தது. ஆனால் யார்டின் வாசல் மேட்டில் ஏறி இறங்கியபோது, பின்பக்கம் ஆட்கள் நெருக்கி உட்கார்ந்த கார் அமுங்குவதுபோல அமுங்கி எழுந்தது. உதிரிகள்தான், சந்தேகமில்லை என்று அவள் நினைத்துக்கொண்டாள். கெட்டிக்காரத்தனமாகக் கண்டுபிடித்துவிட்ட திருப்தியில் ஃபைலின் மிச்சப் பக்கங்களைத் திருப்பினாள்.

தகரக் கூரையில் மழை ஓயாமல் கொட்டிக்கொண்டிருந்தது. அறையில் பழைய ரப்பர் வாடையும் ஈரக் காகிதத்தின் புழுங்கல் வாடையும் ஒன்றாகக் கலந்து தொண்டையில் இறங்கின. மேசை விளக்கு மங்கி மங்கி எரிய, அவள் கைபேசியின் கேமராவைப் பக்கத்துக்கு மேல் பிடித்தாள். புரியாத எழுத்துகள் நடுங்கி நடுங்கிக் கலைந்து, ஒவ்வொன்றாகத் தமிழாகி நின்றன.

ஏல அறிக்கை. முதல் நாடு. ‘வாகனம் சாலையோரத்தில் கண்டெடுக்கப்பட்டது. எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. கதவுகள் உள்பக்கமாகப் பூட்டியிருந்தன. உள்ளே எவரும் இல்லை. உரிமையாளர் இதுவரை கிடைக்கவில்லை.’

கீழே அந்த உரிமையாளரின் ஓட்டுநர் உரிம நகல். வழுக்கைத் தலையும் சாதுவான முகமுமாக ஒரு மனிதர். சில நாட்டு உரிமங்களில் உயரமும் எடையும் அச்சிட்டிருப்பார்கள். அவள் கண் பழக்கதோஷத்தில் நேராக அந்தக் கட்டத்துக்குப் போயிற்று.

எழுபது.

அவள் விரல் அங்கேயே நின்றது. எழுபது கிலோ ஆட்கள் உலகத்தில் கோடிக்கணக்கில் இருக்கிறார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். சொன்னபடியே அடுத்த தாளைத் திருப்பினாள்.

இரண்டாவது நாடு. மறுபடி ஓர் உரிமம். குட்டை முடியுடன் ஒரு பெண், கேமராவைப் பார்த்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டிருந்தாள். எடை ஐம்பத்தைந்து.

ஏறியது எழுபத்தைந்து. ஐம்பத்தைந்து போக இருபது இடிக்கிறதே. அப்பாடா, பொருந்தவில்லை. அவள் மூச்சை விட்டாள். உடனே அதன் பின்னால் குத்தியிருந்த காவல்துறைத் தாள் கண்ணில் பட்டது. கைபேசியைக் காட்டினாள். எழுத்துகள் நடுங்கின. கலைந்தன. நின்றன.

‘காணாமல் போனோர்: இருவர். தாய், மகள். மகளின் வயது ஐந்து. எடை: இருபது.’

நாற்காலி பின்னால் விழுந்த சத்தம் அவளுக்கே தாமதமாகத்தான் கேட்டது.

“அண்ணே, இதையெல்லாம் படிச்சீங்களா?”

“எனக்கு அந்த எழுத்து தெரியாதேம்மா,” என்றார் சாவிக்கொத்து. அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

அவள் கணவரை அழைத்தாள். மணி அடித்தது. அடித்துக்கொண்டே இருந்தது. எடுத்தார்.

“என்னம்மா? வெண்ணெய் மாதிரி போகுது வண்டி. மேடைக்கு வந்துட்டேன்.”

“இறங்குங்க. உடனே இறங்குங்க.”

“இறங்கத்தான் போறேன். ஆமா, இது பூட்டியே கிடந்த வண்டிதானே? சீட்டு ஏன் கதகதன்னு இருக்கு? யாரோ இப்பத்தான் எந்திரிச்சுப் போன மாதிரி.”

“கதவத் திறங்க! நான் சொல்றதக் கேளுங்க, கதவத் திறந்து வெளிய வாங்க!”

“திறக்குறேன், திறக்குறேன், கத்தாத. இது என்ன, இறுகிக் கெடக்கு...” பிளாஸ்டிக் கைப்பிடி இழுபடும் சத்தம். ஒரு முறை. இரண்டு முறை. பிறகு அவர் குரல் தணிந்தது. சத்தம் போடக் கூச்சப்படுகிறவர் போலத் தணிந்தது. “ஏம்மா... பின்னாடி ஏதோ சின்னப் பிள்ளை இருமுது.”

“ஏங்க!”

அதற்குப் பிறகு பேச்சு இல்லை. அழைப்பு துண்டிக்கப்படவும் இல்லை. மூச்சுச் சத்தம் மட்டும் வந்தது. முதலில் அவருடையது, வேகமாக, பயந்த மூச்சு. அதனடியில் இன்னொன்று, நிதானமாக. இன்னொன்று. கடைசியாகச் சின்னதாக ஒன்று, மூக்கடைத்த குழந்தையினுடையது.

அவள் ஓடினாள்.

குடையும் இல்லை, செருப்பும் இல்லை. முதல் திருப்பம். முழங்கால் அளவு சேற்றுநீரைக் கிழித்துக்கொண்டு ஒரு லாரி போயிற்று. நானேதான் அனுப்பினேன். எடை போட்டுவிட்டு வாருங்கள் என்று நானேதான் ஏற்றி அனுப்பினேன். இரண்டாவது திருப்பம். எடைமேடையின் சிவப்பு எண்பலகை மழைக்குள் மங்கலாகத் தெரிந்தது. அதற்குக் கீழே அடர் பச்சைக் கார். எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. வைப்பர்கள் ஆடிக்கொண்டிருந்தன.

எடைமேடைக்காரர் தன் கூண்டுக்கு வெளியே, மழையில் நனைந்தபடி நின்றிருந்தார். மேடையை ஒட்டிய அந்தக் கூண்டுக்குள் திரும்பிப் போக அவருக்குத் தைரியம் இல்லையென்று பார்த்ததுமே தெரிந்தது.

“உங்க வண்டியாம்மா?”

“அவர் எங்க?”

“அதைத்தாம்மா நானும் பாத்துட்டு இருக்கேன்,” என்றார். “இறங்குங்க சார்னு ரெண்டு தடவை மைக்குல சொன்னேன். கதவே திறக்கல. கண்ணு முன்னாடி நிக்குது வண்டி, யாரும் இறங்கல. கிட்டப் போய்ப் பாத்தா...” அவர் காரை நோக்கிக் கையை நீட்டினார். “உள்ள ஆள் இல்ல.”

அவள் தலையை உயர்த்தினாள். 1540.

ஆயிரத்து நானூற்று ஐம்பத்தைந்து போனால் எண்பத்தைந்து. போன மாதம் டாக்டர் மேசையைத் தட்டித் திட்டிய எண். ‘எண்பத்தஞ்சு கிலோ வெச்சுக்கிட்டு மாடிப்படி ஏற முடியலன்னா எப்படி சார்?’ என்று அவர் கேட்க, கணவர் அவளைப் பார்த்து அசடு வழிந்தது நினைவுக்கு வந்ததும், இத்தனை நேரம் வராத அழுகை அவளுக்கு வந்தது. எண் அசையவில்லை. காலி வண்டிக்கு எண் அப்படித்தான் அசையாமல் நிற்கும்.

“போகாதீங்கம்மா,” என்று பின்னாலிருந்து எடைமேடைக்காரர் சொன்னார்.

அவள் இரும்பு மேடையில் ஏறினாள். பாதத்துக்கு அடியில் தகடு லேசாக இறங்கியது. கார் கண்ணாடிகள் உள்பக்கம் ஆவி படிந்து வெளுத்திருந்தன. ஓட்டுநர் பக்கக் கண்ணாடியில் கையால் தட்டினாள். ஏங்க என்று கூப்பிட்டாள். குனிந்து, நெற்றியைக் கண்ணாடியில் ஒட்டி, ஆவி கலைந்த ஓர் இடுக்கு வழியாக உள்ளே பார்த்தாள்.

இருக்கைகள் காலியாக இருந்தன.

பெல்ட்டுகள் போட்டிருந்தன.

பின்னால் மூன்று. மூன்றும் பூட்டி, வெற்றிடத்தைச் சுற்றி இறுகி, நெஞ்சு இருக்க வேண்டிய இடத்தில் முன்னால் வளைந்து நின்றன. ஓரத்தில் இருந்தவை இரண்டும் மெல்ல எழுந்து மெல்லத் தாழ்ந்தன. நடுவில் இருந்தது தாழ்வாக, ஒரு கைப்பிடி அகலத்துக்குச் சின்னதாக வளைந்திருந்தது. அது ஒரு முறை குலுங்கியது. இருமல்.

ஓட்டுநர் இருக்கையின் பெல்ட், பெரிய தொந்தி ஒன்றைச் சுற்றியதுபோல் அகலமாக வளைந்து நின்றது. மற்றவற்றைப் போல நிதானமாக இல்லை அது. வேகமாக எழுந்து, வேகமாகத் தாழ்ந்து, விம்மி, பூட்டை அறுத்துக்கொண்டு வரத் துடிப்பதுபோல் இழுத்து இழுத்து அதிர்ந்தது. அவள் முகம் கண்ணாடியில் தெரிந்ததும் இன்னும் பலமாக அதிர்ந்தது. வேண்டாம், போ, போ என்று அவர் தன்னை விரட்டுவது அவளுக்குப் புரிந்தது.

புரிந்தும் அவளால் போக முடியவில்லை.

முன்னால், அவர் பக்கத்தில், ஓர் இருக்கை மீதம் இருந்தது. அதன் பெல்ட் மட்டும் தன் இடத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது அசைந்தது. மெதுவாக, ஒரு சத்தமும் இல்லாமல், சுருளிலிருந்து நழுவி வெளியே வந்தது. ஒரு முழம். இரண்டு முழம். அவளுடைய உடம்புக்கு வேண்டிய அளவு வந்ததும் நின்றது. பக்கத்தில் உட்காரப் போகிறவருக்காக யாரோ எடுத்துப் பிடித்ததுபோல, அந்தரத்தில், விரிந்தபடி நின்றது.