பக்கத்து உலகத்தில் ஒரு கொலை

டெலிபோன் அலறியது.

இன்ஸ்பெக்டர் பிரவீனா ரிசீவரை எடுத்தாள்.

"டாக்டர் தேவேந்திரன் பேசறேன். இன்னிக்குக் காலையில தாமல் ஏரி மதகுகிட்ட காந்தா கொலை செய்யப்படுவாங்க!"

"எந்தக் காந்தா?"

"என் ஆராய்ச்சியில உதவியா இருக்கறவங்க. கொல்லப்போறது அவங்க புருஷன் கதிர்வேல். தறிக்காரன். பட்டு நூலால கழுத்தை நெரிப்பான்..."

"யார் சொன்னா?"

"இன்னொரு தேவேந்திரன்!"

பிரவீனாவின் உதடு கோணியது.

ஊருக்கே தெரிந்த ஆள். 'செய்திக் கசிவுக் கோட்பாடு' என்று ஒன்றைக் கண்டுபிடித்தவர். நம் உலகத்துக்குப் பக்கத்திலேயே அச்சு அசலாய் இன்னோர் உலகம். அங்கே காலம் கொஞ்சம் முந்தி ஓடுகிறதாம். அங்கே நடந்தது இங்கே கசிகிறதாம்!

"கசியுதுன்னா பிளம்பரைத்தானே மேடம் கூப்பிடணும்?" என்றார் ஏட்டு முனிரத்தினம்.

"அப்புறம் சிரிக்கலாம். வண்டியை எடுங்க."

தாமல்.

மதகுக்குக் கீழே, சேற்றில், மல்லாந்து கிடந்தாள் காந்தா. கழுத்தில் முறுக்கிய பட்டு நூல்... ரத்தச் சிவப்பு!

"ஐயோ... அந்தாளு சொன்ன மாதிரியே இருக்குது மேடம்!"

பிரவீனா சேற்றில் இறங்கினாள். நூலை அறுத்தாள். கழுத்தில் விரல் வைத்தாள். பிறகு முனிரத்தினத்தின் காதில் என்னவோ சொன்னாள்.

அவர் ஓடினார்!

அன்று சாயங்காலம், தேவேந்திரன் தன் கோட்பாட்டை விளக்கிய கல்யாண மண்டபத்தில் கூட்டம் பிதுங்கியது. பட்டுக்கடை முதலாளிகளும் பிளாட் புரோக்கர்களும் வாயைப் பிளந்து உட்கார்ந்திருந்தார்கள். மேடையில் கோட்டு, நெற்றி நிறைய விபூதி, பக்கத்தில் விளக்கு சிமிட்டும் ஒரு தகரப் பெட்டி. பக்கத்து உலகச் செய்தி அதில்தான் வந்து விழுகிறதாம்.

விஞ்ஞானமாம்!

"வாங்க இன்ஸ்பெக்டர்! நான் சொன்னது நடந்துச்சா?" மைக்கில் கேட்டார் தேவேந்திரன்.

"மதகு, நூலு... எல்லாம் கரெக்டா இருந்துச்சு சார்."

கைதட்டல் கூரையைப் பிய்த்தது.

"கதிர்வேலைப் பிடிச்சீங்களா?"

"ஸ்டேஷன்ல அழுதுக்கினு இருக்காரு."

"நடிப்பு! விடாதீங்க!"

"ஒரு சந்தேகம் சார். நான் சயின்ஸ்ல பார்டர் பாஸ். பக்கத்து உலகத்துச் செய்தி உங்களுக்கு மட்டும் எப்படிக் கசியுது?"

தேவேந்திரன் அலட்சியமாய்ச் சிரித்தார். "அங்கே இருக்கற என் நகல் கண்ணால பார்த்தது மட்டும்தான் எனக்குக் கசியும். அதான் விதி."

"மட்டும்?"

"மட்டும்!"

"அப்போ அந்த தேவேந்திரன் மதகுகிட்ட நின்னுக்கினு இருந்தாரு..."

கூட்டம் நாற்காலி நுனிக்கு வந்தது!

"அ... அது அந்த உலகம்!"

"ரெண்டும் அச்சு அசல்னு நீங்கதானே சொன்னீங்க? அவரு அங்க நின்னா நீங்க இங்க நின்னிருக்கணும். தியரி நிஜம்னா நீங்க மதகுகிட்ட இருந்தீங்க. பொய்யின்னா, நூலு வரைக்கும் எப்படி சார் தெரிஞ்சுது?"

நெற்றியில் வியர்வை. விபூதி கரைந்தது. ஆனாலும் ஆள் அசரவில்லை. மைக்கை மூடிக்கொண்டு, அவளுக்கு மட்டும் கேட்கும்படி கிசுகிசுத்தார்.

"பேச்சு நல்லா இருக்கு. கோர்ட்ல நிக்காது. சாட்சி எங்கே? செத்தவ வந்து சொல்வாளா?"

பிரவீனா முதல் தடவையாகச் சிரித்தாள்.

"ரெண்டு உலகத்துக்கும் ஒரே ஒரு வித்தியாசம் சார். அங்க காந்தா செத்துட்டாங்க. இங்க நாடி துடிச்சுக்கினு இருந்துச்சு!"

"என்ன...?!"

"பெரியாஸ்பத்திரியில கண்ணு முழிச்சு எல்லாத்தையும் சொல்லிட்டாங்க. இந்தப் பெட்டியில வர்ற செய்தியெல்லாம் நீங்களே போன்ல டைப் அடிச்சு அனுப்பறது. அதை இன்னிக்கு இதே மேடையில உடைக்கறேன்னு உங்ககிட்ட சொல்லியிருக்காங்க. பேசி முடிச்சுக்கலாம்னு ஏரிக்குக் கூப்பிட்டு நெரிச்சிருக்கீங்க. அவங்க வீட்டு நூலையே திருடி! வாயும் அடைஞ்சுது, தியரியும் ஜெயிச்சுது... பழி மட்டும் அந்தத் தறிக்காரன் தலையில!"

தேவேந்திரன் மேடையிலிருந்து குதித்தார். கீழே முனிரத்தினம் விலங்கோடு நின்றுகொண்டிருந்தார்.

க்ளிக்!

"மேடம்... எ... எனக்கு எத்தனை வருஷம் போடுவாங்க?"

"பக்கத்து உலகத்து தேவேந்திரனையே கேளுங்க சார்... அவரு உங்களுக்கு முந்தியே உள்ள போயிருப்பாரே!"