சிரட்டை வருது!

பதுளை ஓயா வளையும் இடத்தில் ஒரு பெரிய பாறை இருந்தது. கனகத்தின் அம்மா அதில்தான் சாப்பாட்டுக்கடைத் துணிகளைத் துவைப்பாள். கொஸ்லந்தைத் தோட்டத்தில் வேலை போனபின் அவர்களுக்கு அதுதான் சோறு.

வளைவுக்குக் கீழே, பாலத்தடியில், காய்கறி வியாபாரி ஸலீம் நானா கரட்டைக் கூடையோடு ஆற்றில் முக்கிக் கழுவுவார். அவருடைய லொறி அங்கேதான் இறங்கும்.

ஒரு சனிக்கிழமை அவர் மூச்சு வாங்க மேலே வந்தார். கையில் ஒரு கரட். அதில் நுரை.

“பாருங்க தங்கச்சி! ஒங்கட சவுக்காரம் முழுக்க என்ட கரட்லதான் ஈக்கி. வாங்கினவன் கேக்கிறான், இத சமைக்கவா, குளிக்கவான்னு!”

கனகத்துக்குச் சிரிப்பு வந்தது. அம்மாவின் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டாள்.

“பாலத்துக்குக் கீழ போய்த் துவைக்கலாம்னா அங்க கல்லு இல்லீங்களே, நானா. சேத்துல எப்படித் துவைக்கிறது?”

“அது எனக்குத் தெரியா. இன்னொருக்கா நுரை வந்தா கடை மொதலாளிக்கிட்ட சொல்லுவன். துணி வேற ஆளுக்குப் போகும்.”

அவர் போய்விட்டார். சவுக்காரம் போட்ட துணி பாறையில் கிடந்தது. அம்மா அதைத் தொடவில்லை.

“அலசுறப்பதாம்மா நுரை போகுது,” என்றாள் கனகம். “முன்கூட்டியே சொன்னா, அவரு கூடையத் தூக்கிக்குவாரு.”

“ஒவ்வொரு தடவையும் நீ ஓடுவியா?”

கனகம் பாறைமேல் ஏறிக் கத்திப் பார்த்தாள். ஓயாவின் இரைச்சலில் அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை. காகிதக் கப்பல் விட்டாள். அது முதல் கல்லிலேயே கவிழ்ந்தது.

சாப்பாட்டுக்கடைக்குப் பின்னால் தேங்காய்ச் சிரட்டைகள் குவிந்து கிடப்பது நினைவுக்கு வந்தது. ஒரு கூடை அள்ளி வந்தாள். ஒன்றை ஆற்றில் விட்டாள். அது சுழன்றது. கல்லில் இடித்தது. நிமிர்ந்து மிதந்து போனது.

கனகம் பாலத்தடிக்கு ஓடினாள்.

“நானா, சிரட்டை வந்தா, பின்னாலயே நுரை வருதுன்னு அர்த்தம். கூடையத் தூக்கிடுங்க.”

“சிரட்டை தபால்காரனா?” நானா தாடியைச் சொறிந்தார். “சரி, பாப்பம்.”

மேலே போனதும் கனகம் இன்னொரு சிரட்டையை விட்டாள். அம்மா அலசத் தொடங்கினாள்.

கீழே கூடை மேலேறியது. நுரை வந்தது, போனது. அதற்குள் நானா ஒரு ப்ளேன்டீ குடித்து முடித்தார்.

அந்த வாரம் முழுக்க, அலசும்போதெல்லாம் ஒரு சிரட்டை போனது. அடுத்த சனிக்கிழமை நானா மறுபடியும் மேலே வந்தார். தோளில் ஒரு சாக்கு. அம்மா பயந்து எழுந்து நின்றாள்.

சாக்கைப் பாறையில் கொட்டினார். எல்லாம் கனகம் விட்ட சிரட்டைகள். நடுநடுவே கரட்டுகள்.

“ஆத்துல திருப்பி அனுப்பத்தான் பாத்தன், மகள். ஆறு மேல ஏற மாட்டேங்குது.”

அம்மா சிரித்தாள். “அலசட்டுங்களா, நானா?”

“அல்லாவே! நான் கீழ போய்ச் சேரட்டும்!”

நானா சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடினார். கனகம் ஒரு சிரட்டையை ஆற்றில் விட்டாள்.

சிரட்டைதான் முதலில் போய்ச் சேர்ந்தது.