ஆணி அடிக்காத வீடு

வேலம்மா வீட்டில் ஒரு சட்டம் இருந்தது. சுவரில் ஆணி அடிக்கக் கூடாது.

சட்டம் போட்டது அம்மா தைலம்மாள். துணி தொங்கப்போட ஆணி கிடையாது. விளக்கு மாட்ட ஆணி கிடையாது. முருகன் படம்கூடத் தகரப் பெட்டியின் மேல் சுவரில் சாய்ந்துதான் நிற்கும். யாராவது அந்தப் பக்கம் வேகமாக நடந்தால் முருகன் குப்புற விழுவார்.

"ஒரே ஒரு ஆணிம்மா. முருகனுக்குக் கால் வலிக்காதா?" என்று வேலம்மா ஒருநாள் கேட்டுப் பார்த்தாள்.

"அடிச்சா ஒருநாள் பிடுங்கணும். பிடுங்கினா சுவரு பேந்துபோகும். அப்புறம் கம்பெனிக்காரன் வாயில யாரு விழுறது?" என்றாள் அம்மா.

அம்மா சொன்னதிலும் நியாயம் இருந்தது. வேலம்மாவுக்குப் பத்து வயது. அதற்குள் ரங்கூனில் எத்தனை வீடு மாறியிருக்கிறாள் என்று கேட்டால், பதில் சொல்லாமல் விரல்களைப் பார்ப்பாள். எல்லாம் அப்பாவின் ஆக்கி மட்டையால் வந்த வினை.

அப்பா சபாபதி ஆக்கி ஆட்டக்காரர். பெரிய பேர் எடுத்தவர் என்று சொல்ல முடியாது. பத்திரிகையில் அவர் படம் வந்ததில்லை. ஆனால் எந்தக் கம்பெனிக்கு அவசரமாக ஓர் ஆள் தேவையோ அந்தக் கம்பெனி அவரைக் கூப்பிடும்.

இது நடந்தது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளில். அப்போது ரங்கூன் கம்பெனிகளுக்கு ஒரு கிறுக்குப் பிடித்திருந்தது. ஒவ்வொரு கம்பெனிக்கும் சொந்தமாக ஒரு ஆக்கிக் கோஷ்டி வேண்டும். நன்றாக ஆடுகிறவனுக்குப் பேருக்கு ஒரு வேலையும், குடியிருக்க ஓர் அறையும் கொடுப்பார்கள். அவனைவிட நன்றாக ஆடுகிறவன் வந்துவிட்டால் அறையைக் காலி பண்ணச் சொல்வார்கள். அப்படித்தான் அப்பா முதலில் துறைமுகத்தில் ஒரு கப்பல் கம்பெனிக்கு ஆடினார். பிறகு ஒரு மர ஆலைக்கு ஆடினார். பிறகு ஆற்றுக்கு அந்தப் பக்கம் சிரியத்தில் ஓர் எண்ணெய்க் கம்பெனிக்கு ஆடினார். இப்போது ஓடைக்கரையில் இருக்கும் ஓர் அரிசி மில்லுக்கு ஆடுகிறார்.

ஒவ்வொரு தடவையும் வேலம்மாவுக்குப் புதுத் தெரு, புதுப் பள்ளிக்கூடம். ஒரு சிநேகிதி கிடைத்து, அவளோடு ஒரு சண்டை போட்டு, ராசியாகி, அப்பாடா என்று உட்காரும் நேரத்தில் தகரப் பெட்டியைத் தூக்க ஆள் வந்துவிடும்.

அரிசி மில்லின் லைன் வீடுகள் வேலி ஓரமாக வரிசையாக இருந்தன. மில் புகைபோக்கியிலிருந்து உமிச் சாம்பல் பறந்து வந்து எல்லாவற்றின் மேலும் விழும். காயப்போட்ட துணியும் கறுக்கும், சோற்றுப் பானையும் கறுக்கும். ஆனாலும் வேலம்மாவுக்கு இந்த இடம் பிடித்திருந்தது. காரணம், வேலிக்கு அந்தப் பக்கம் மா கின் இருந்தாள்.

மா கின் பர்மியப் பெண். வேலம்மா வயதுதான். அவளுடைய அண்ணன் பெயர் கோ பா தின். அவர் மில்லில் சாக்குக் கிடங்குக்குப் பொறுப்பாளர். மில்லின் ஆக்கிக் கோஷ்டிக்குத் தலைவரும் அவர்தான். தெருத் தெருவாக மாறி விளையாடியதில் வேலம்மாவுக்குப் பர்மிய மொழி தண்ணீர்பட்ட பாடு. அதனால் இரண்டு பேரும் பள்ளி விட்டு வந்தால் வேலியைப் பிடித்துக்கொண்டு பேசிக்கொண்டே இருப்பார்கள்.

ஒருநாள் காலையில் வேலம்மா தண்ணீர் எடுக்கப் போனாள். குழாயடிக்குப் பின்னால் அப்பா உட்கார்ந்து முழங்காலுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுத்துக்கொண்டிருந்தார். முழங்கால் இளநீர்க் காய் மாதிரி வீங்கியிருந்தது.

"அப்பா, என்னப்பா இது?"

அவர் சட்டென்று துணியால் மூடினார். "ஒண்ணுமில்லே. பழைய அடி. அம்மாகிட்ட சொல்லிடாதே."

"வலிக்குதா?"

"ஓடினாத்தான் வலிக்குது," என்றார் அப்பா. ஓடுவதுதானே அவர் தொழில்.

அந்த நேரம் பார்த்து வடிவேல் மேஸ்திரி அங்கே வந்தார். மில்லுக்கு ஆள் சேர்ப்பதும் அவர்தான், ஆளை அனுப்புவதும் அவர்தான். உட்கார்ந்திருந்த அப்பாவை அவர் மேலும் கீழும் பார்த்தார்.

"சபாபதி, மெட்ராஸ் கப்பல்ல ஒரு பையன் வர்றான். ஆக்கியில புலியாம். துரைக்கு அவன் மேல கண்ணு. இந்தச் சனிக்கிழமை கப்பல் கம்பெனி கோஷ்டியோட ஆட்டம் இருக்கு. நீ கோல் போட்டுக் காட்டு, நான் துரைகிட்ட பேசுறேன். இல்லேன்னா திங்கக்கிழமை உன் ரூமு அவனுக்கு."

"சரிங்க மேஸ்திரி," என்றார் அப்பா. வேறு என்ன சொல்வார்?

வேலம்மா குடத்தைத் தூக்கிக்கொண்டு வேலியோரமாக நடந்தாள். கண்ணில் நீர் முட்டியது. வேலிக்கு அந்தப் பக்கம் மா கின் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றாள்.

"உனக்கென்ன வந்தது?" என்று வேலம்மா பர்மிய மொழியில் கேட்டாள்.

"உங்க அப்பா எங்க அண்ணனை ஏன் விரட்டுறார்? மைதானத்துல எல்லாரையும் பார்த்து, எழுந்திரு எழுந்திருன்னு கத்துறாராம். அவங்க என்ன படுத்துத் தூங்கிக்கிட்டா இருக்காங்க? அண்ணனுக்கு ரொம்பக் கோபம். அதான் உங்க அப்பாவுக்கு யாரும் பந்து தர்றதில்லை."

வேலம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. அப்பா அதிர்ந்து பேசாதவர். அவர் போய் மற்றவர்களை விரட்டுவாரா? குடத்தை இறக்கி வைத்துவிட்டு யோசித்தாள். அப்பா மைதானத்தில் என்ன கத்துவார் என்று நினைத்துப் பார்த்தாள். 'தா, தா' என்று கத்துவார். பந்தை என்னிடம் தா என்று அர்த்தம்.

பர்மிய மொழியில் 'தா' என்றால் எழுந்திரு.

வேலம்மா குடத்தை அங்கேயே போட்டுவிட்டு அப்பாவிடம் ஓடினாள். விஷயத்தைச் சொன்னதும் அப்பா ஒத்தடத் துணியைக் கீழே வைத்தார். முன்பு அவர் ஆடிய கோஷ்டிகளில் எல்லாரும் தமிழர்களும் தெலுங்கர்களும்தான். மில் கோஷ்டியில்தான் அவரைத் தவிர எல்லாரும் பர்மியர்கள். கடையில் சாமான் வாங்கும் அளவுக்கு அவருக்குப் பர்மிய மொழி வரும். ஆனால் பந்து உருள ஆரம்பித்தால் வாயில் தமிழ்தான் வரும்.

"நான் நொண்டுறதைப் பாத்துட்டுத்தான் பந்து குடுக்க மாட்டேங்குறாங்கன்னு நெனச்சேன்," என்றார்.

"இனிமே 'பே'ன்னு கேளுங்கப்பா. அதான் அவங்களுக்கு 'குடு'."

"அது தெரியும். கடையில வெத்தலை கேக்குற மாதிரி மைதானத்துல கேக்கச் சொல்றியா?"

"கேட்டாத்தானே தருவாங்க," என்றாள் வேலம்மா.

பிறகு வேலிக்கு ஓடிப்போய் மா கின்னிடமும் விளக்கினாள். மா கின் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துவிட்டு அண்ணனிடம் சொல்ல ஓடினாள். வேலம்மா விட்டுவிட்டு வந்த குடத்துக்காக அம்மாவிடம் திட்டு வாங்கினாள்.

சனிக்கிழமை வெயில் மண்டையைப் பிளந்தது. மைதானம் காய்ந்து கட்டாந்தரையாகக் கிடந்தது. அப்பா முழங்காலில் துணியை இறுக்கிச் சுற்றி, மேலே காலுறையை இழுத்துவிட்டிருந்தார். மேஸ்திரி நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். அவர் பக்கத்தில் ஓர் இளைஞன் புது மட்டையோடு நின்றான். மெட்ராஸ் கப்பலில் வந்தவன் அவன்தான் என்று பார்த்த உடனே வேலம்மாவுக்குத் தெரிந்துவிட்டது. பாவம், அவனும் சாப்பிட்டு நாளான மாதிரி இருந்தான். அவனை வெறுக்க வேண்டும் என்று நினைத்தாள், முடியவில்லை.

ஆட்டம் தொடங்கியது. அப்பா "பே" என்று கத்தினார்.

வேலம்மாவோடு ஆட்டம் பார்க்க வந்திருந்த அம்மா திடுக்கிட்டாள். "என்னடி, உங்கப்பா பட்டப்பகல்ல பேயைப் பாத்த மாதிரி கத்துறாரு?"

"பேய் இல்லேம்மா, பே. பந்து கேக்குறாரு."

கோ பா தின் பந்தைத் தள்ளிவிட்டார். அது நேராக அப்பாவின் மட்டைக்கே வந்தது. அப்பா அதை வாங்கித் திருப்பிக் கொடுத்தார். மறுபடியும் "பே" என்றார், மறுபடியும் வந்தது. இப்போது அவர் பந்தைத் துரத்தி ஓட வேண்டியதில்லை. நின்ற இடத்துக்கே பந்து வந்தது. ஆனாலும் அவர் முகம் வலியில் வெளுத்துக்கொண்டே போனது. இனி ஆட வேண்டாம், வெளியே வந்துவிடுங்கள் என்று கத்தலாமா என்று வேலம்மாவுக்குத் தோன்றியது. கத்தினால் வீடு போய்விடும். அவள் அம்மாவின் சேலைத் தலைப்பைக் கசக்கிக்கொண்டு நின்றாள்.

ஆட்டம் முடியும் தறுவாயில் கோ பா தின் இடது பக்கத்திலிருந்து பந்தை அனுப்பினார். அப்பா வீங்கிய காலை ஊன்றி, உடம்பையே திருப்பி ஓங்கி அடித்தார். பந்து கோலுக்குள் போய்விட்டது. அப்பா கீழே விழுந்துவிட்டார்.

ஊதல் ஒலித்தது. மில் கோஷ்டி ஜெயித்தது. எல்லாரும் அப்பாவைச் சுற்றிக் கூடி, உற்சாகத்தில் "தா, தா" என்று கத்தினார்கள். எழுந்திரு, எழுந்திரு என்று சொன்னார்கள்.

அப்பா எழுந்திருக்கவில்லை. வலியில் அவருக்குப் பாதி நினைவுதான் இருந்தது. 'தா, தா' என்றது மட்டும் காதில் விழுந்தது. அவர் தன் மட்டையை மெல்லத் தூக்கி, கோ பா தின்னிடம் நீட்டினார்.

"வாங்கிக்கங்க," என்றார். "இனிமே எனக்கு வேண்டாம்."

கோ பா தின் மட்டையைக் கையில் வாங்கிக்கொண்டு விழித்தார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்த வேலம்மா, மட்டையைக் கேட்பதாக அப்பா நினைத்துவிட்டதை அவருக்குச் சொன்னாள். சொல்லும்போதே அவளுக்கு அழுகை வந்துவிட்டது. அவரும் சிரிக்கவில்லை. அப்பா பக்கத்தில் குந்தி உட்கார்ந்தார்.

அதற்குள் மேஸ்திரி வந்து முழங்காலைக் குனிந்து பார்த்தார். "கோல் போட்டே, இல்லேங்கலை. அடுத்த ஆட்டம் ஆடுவியா?"

அப்பா கையால் முழங்காலை மூடப் பார்த்தார்.

"அப்ப திங்கக்கிழமை ரூமைக் காலி பண்ணிடு." மேஸ்திரி போய்விட்டார். அம்மா அப்பாவின் தலையைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

தமிழ் புரியாத கோ பா தின் வேலம்மாவைப் பார்த்தார். "மேஸ்திரி என்ன சொல்றார்? கம்பெனி உங்களைப் பார்த்துக்கும்தானே? உங்க அப்பாகிட்ட கேளு."

வேலம்மா கேட்டாள். அப்பா கண்ணைத் திறந்தார். "எங்களுக்கு ஒரு குறையும் இல்லே, எல்லாம் பாத்துக்குவாங்கன்னு சொல்லு."

அதுவரை வேலம்மா மொழி மாற்றிச் சொன்னதில் ஒரு வார்த்தை கூட்டியதும் இல்லை, குறைத்ததும் இல்லை. அப்பா முகத்தைப் பார்த்தாள்.

"கோகோ," என்றாள். அண்ணனை அங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள். "திங்கக்கிழமைக்கு அப்புறம் எங்களுக்கு இருக்க வீடு இல்லை. அப்பாவால் இனிமே ஓட முடியாது. அவர் வெட்கப்பட்டுக்கிட்டு வேற மாதிரி சொல்லச் சொல்றார்."

வீடு என்ற சொல்லும் இல்லை என்ற சொல்லும் புரிகிற அளவுக்கு அப்பாவுக்குப் பர்மிய மொழி தெரியும். அவர் மகளைப் பார்த்தார். ஆனால் திட்டவில்லை. கண்ணை மூடிக்கொண்டார், அவ்வளவுதான்.

கோ பா தின் மட்டையின் பிடியைத் தடவினார். "கிடங்குல சாக்கு தைக்க ஆள் வேணும். உட்கார்ந்து செய்யுற வேலை. கிடங்குக்கு மட்டும் ஆள் எடுக்குறது நான்தான், மேஸ்திரி இல்லை. ஆனா அதுக்கு வீடு தரமாட்டாங்க," என்றார். பிறகு, "எங்க வீட்டுப் பின்கட்டுல விறகுதான் கிடக்கு. அம்மாகிட்ட கேட்கணும்," என்றார்.

அவர் அம்மா டோ ம்யாவிடம் அதிகம் கேட்க வேண்டியிருக்கவில்லை. "விறகுக்கு எதுக்கு வீடு? அது வெளியில கிடக்கட்டும்," என்றுவிட்டார் அந்த அம்மாள். வாடகை விஷயத்தை அவரும் தைலம்மாளும் கை ஜாடையிலேயே பேசி முடித்தார்கள். ஆளாளுக்குத் தான்தான் ஜெயித்ததாக நினைத்துக்கொண்டார்கள்.

திங்கட்கிழமை தகரப் பெட்டி வேலியைத் தாண்டி அந்தப் பக்கம் போனது. மெட்ராஸ் பையன் அதைத் தூக்க ஒரு கை கொடுத்தான்.

அப்பாவின் கால் பழையபடி ஆகவில்லை. சாக்குக் கிடங்கில் காலை நீட்டி உட்கார்ந்து தைப்பார். சனிக்கிழமைகளில் மைதானத்துப் பக்கமிருந்து கூச்சல் கேட்டால் அவர் கையில் ஊசி அப்படியே நின்றுவிடும். அப்போது வேலம்மா அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்வாள். கூச்சல் அடங்கியதும் ஊசி மறுபடியும் நகரும்.

மழைக்காலம் தொடங்கிய அன்று அம்மா பின்கட்டை நாலு பக்கமும் சுற்றிப் பார்த்தாள். மரச் சுவரைத் தட்டிப் பார்த்தாள்.

"இந்த வீடு எந்தக் கம்பெனிக்காரன் வீடும் இல்லேதானே?" என்றாள்.

"இல்லேம்மா. டோ ம்யா வீடு," என்றாள் வேலம்மா.

"அப்ப ஒரு ஆணி கொண்டா."

வேலம்மா தகரப் பெட்டியின் மேல் ஏறி நின்று ஆணி அடித்தாள். முதல் அடி விரலில் விழுந்தது, இரண்டாவது ஆணியில் விழுந்தது. முருகனை மாட்டினாள். படம் கொஞ்சம் கோணலாகத் தொங்கியது. ஆணி இன்னும் ஆழமாக இறங்க வேண்டும் என்று அப்பாவுக்குப் பட்டது. கீழே உட்கார்ந்திருந்தவர் சுவரைப் பிடித்துக்கொண்டு, ஒற்றைக் காலில் மெல்ல எழுந்து, சுத்தியலுக்காகக் கையை நீட்டினார்.

"தா," என்றார்.

வேலம்மா சுத்தியலைக் கொடுத்தாள். மூலையில் உட்கார்ந்திருந்த மா கின் எழுந்து நின்றாள்.