ஜஸ்லாவின் முதல் நோன்பு

கைறுன்னிஸா கிணற்றுக்குள் குனிந்து புருஷனைக் கூப்பிட்டது மாலை அஸர் தொழுகைக்கு முன்னால். கீழிருந்து "ஆ" என்று பதில் வந்ததோ, அவள் தொழுது, பள்ளிவாசலிலிருந்து வந்த நோன்புக் கஞ்சியை மூடிவைத்து, மறுபடி கிணற்றடிக்கு வந்த பிறகு. அதுவும் இப்போதுதான் கூப்பிட்டாள் என்பதுபோல, ஆற அமர.

வற்றிய கிணற்றை ஆழப்படுத்தப் போன அன்ஸாப், பக்கச் சுவரில் கல் ஒன்று கழன்று உள்ளே ஒரு அறை தெரிகிறது என்று காலையில் மேலே வந்து சொன்னான். நோன்பும் அதுவுமாக இந்த வேலை எதற்கு என்று அவள் தலைபாடாக அடித்துக்கொண்டாள். கேட்டால்தானே! நடுப்பகல் லுஹருக்குப் பிறகு அதைப் பார்க்க மறுபடி இறங்கியவன், இன்னும் ஏறவில்லை.

மகள் ஜஸ்லாவுக்கு இன்றுதான் முதல் நோன்பு. காய்ந்த உதட்டோடு, வெள்ளைத் தொழுகைச் சால்வையில், பேரீச்சம்பழம் ஒன்றைக் கையில் பொத்திக்கொண்டு கிணற்றுக் கட்டின்மேல் சாய்ந்திருந்தாள்.

"பாங்கு சொல்ல இன்னும் எவ்வளவு நேரம் உம்மா?"

"கொஞ்ச நேரம்தான் மகள். வாப்பாவைக் கூட்டிட்டு வந்துர்றேன். உம்மா வராம வாயில ஒண்ணும் வைக்கக் கூடாது, என்ன? மூணு பேரும் சேர்ந்துதான் நோன்பு திறக்கிறது."

"சரி உம்மா."

கயிற்று ஏணியில் இறங்க இறங்க தம்புள்ளைப் பக்கம் போகும் லொறிகளின் இரைச்சல் தேய்ந்தது; மிளகுக் கொடியின் வாசம் போய், களிம்பேறிய செம்பின் நாற்றம் மூக்கில் ஏறியது. கல் கழன்ற துவாரத்துக்குள் அவள் நுழைந்தாள். அன்ஸாபின் டோர்ச் வெளிச்சம் எட்டிய தூரமெல்லாம் கல் தொட்டிகள். ஒவ்வொன்றின் தண்ணீரிலும் அடியில் துளையிட்ட செப்புக் கிண்ணம் ஒன்று மிதந்தது. துளைவழி தண்ணீர் ஏற ஏறக் கிண்ணம் தாழ்ந்து, "களக்" என்று மூழ்கி, யாரும் தொடாமலே மேலே வந்து மறுபடி மிதந்தது. நடுவில், கஞ்சிக் கிடாரம் அளவில் ஒரு பெரிய கிண்ணம். அதன் விளிம்பைத் தண்ணீர் தொடப் பார்த்தது.

"நேரம் அளக்கிற இடம் புள்ள," என்றான் அன்ஸாப், கண்ணை எடுக்காமல். "சின்னது ஒவ்வொண்ணும் ஒரு நாழிகை. இந்தப் பெருசு எதை அளக்குதுன்னுதான் விளங்கல்ல."

"ஜஸ்லா தனியா இருக்கா. வாங்க. எவ்வளவு நேரமாக் கூப்பிடுறேன்!"

"இப்பதானே கூப்பிட்டே?"



மேலே நோன்பு திறக்கும் மஃரிப் பாங்கு கேட்டது. அப்பாடா என்றிருந்தது அவளுக்கு. அது முடியுமுன் இன்னொரு பாங்கு. அதன்மேல் இன்னொன்று. சுபஹும் லுஹரும் இஷாவும் ஒன்றையொன்று மிதித்துக்கொண்டு வந்தன. துவாரத்துக்கு வெளியே கிணற்றின் அடியில் விழுந்த வெளிச்சம் இருண்டது, விடிந்தது, இருண்டது.

"உம்மா? நோன்பு திறக்கட்டா?"

ஜஸ்லாதான். ஆனால் அது குமரிப் பெண்ணின் குரல்.

"திற மகள்! தண்ணி குடி!" என்று தொண்டை கிழியக் கத்தினாள். அந்த "ஆ" மேலே வர எடுத்த நேரம் அப்போதுதான் நினைவுக்கு வந்தது. யா அல்லாஹ். இந்தச் சத்தம் எப்போது போய்ச் சேரும்?

அன்ஸாபின் கையைப் பிடித்து இழுத்தாள். கல்லை இழுத்த மாதிரி இருந்தது.

"கொஞ்சம் பொறு. பெருசு மூழ்கப் போகுது."

"உம்மா..." இப்போது குரல் கரகரத்தது. "தாகமா இருக்கு உம்மா."

அவன் கையை விட்டாள். ஓடினாள். ஏணி. கயிறு உள்ளங்கையை அறுத்தது. வெளிச்சம், இருட்டு, வெளிச்சம். கீழே பெரிய கிண்ணம் மூழ்கிய சத்தம் கிணறு முழுக்க அதிர்ந்தது. ஏறு. ஏறு. கிணற்றுக் கட்டு கைக்குத் தட்டுப்பட்டது.

வீட்டுக்குக் கூரை இல்லை. சுவரெல்லாம் மிளகுக் கொடி. கிணற்றுக் கட்டின்மேல் சாய்ந்து ஒரு கிழவி இருந்தாள். தோல் எலும்போடு ஒட்டியிருந்தது. உதடுகள் வெடித்துக் கறுத்திருந்தன. தலையில் பழுப்பேறிய சிறுபிள்ளைச் சால்வை.

"நான் ஒண்ணுமே வாயில வைக்கல்ல உம்மா," என்றாள்.

 கைறுன்னிஸாவுக்குப் பின்னால், கிணற்றின் அடியிலிருந்து, அவளுடைய குரலே அப்போதுதான் ஏறி வந்தது: "திற மகள்! தண்ணி குடி!"

கிழவி முகம் மலர்ந்து பிஸ்மில்லாஹ் சொன்னாள். பொத்தியிருந்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, உள்ளே இருந்த பேரீச்சம்பழத்தை வாயில் வைத்தாள். அதில் கொட்டை மட்டும்தான் மிச்சமிருந்தது.