அபிசாய் வீட்டு ஆமையோட்டு வளையம்

மதியத் தூக்கம் கலைந்து அபிசாய்க் கிழவர் அண்ணாந்து பார்த்தார். உத்தரத்துக் கொக்கியில் வளையம் இல்லை.

ஆமையோட்டு வளையம் அது. அதன் வழியே பார்த்தால், மேலே சுண்டிய காசோ குலுக்கிய சீட்டோ எப்படி விழும் என்பது விழுமுன்னே தெரியும். விழும்போது அதில் ஊதினால், ஊதியவர் நினைத்தபடி விழும். யாரும் ஊதுவதில்லை என்று காண்டாவுத் தீவின் அந்த ஊர் சத்தியம் செய்திருந்தது. புயல் மாதங்களில், படகு விடலாமா என்று பார்க்க மட்டுமே வளையம் கீழே இறங்கும்.

அன்று மூன்று மணிக்குச் சீட்டுக் குலுக்கி எடுப்பதாக இருந்தது. இதய அறுவைக்காக ஆக்லாந்து போகும் விமானத்தில் ஒரே ஓர் இடம். ஊரில் நோயுற்ற குழந்தைகள் இருவர்: ஊர்த்தலைவர் சைலோசியின் பேரன் இலியேசா, படகுக்காரன் ராஜ்நீலின் மகள் ஷயால்.

போலீஸ் கார்ப்பரல் லித்தியா வந்தபோது ராஜ்நீலைச் சுற்றிக் கூட்டம். எஞ்சின் விசிறி கிழித்த அவன் இடது கை, விரல் நுனி வரை கட்டுப் போட்டுக் கழுத்தில் தொங்கியது.

"இவன்தான். பொண்ணு பேரை அடிச்சிருங்க," என்றார் சைலோசி. "திருடன் வீட்டுக்கு எதுக்குச் சீட்டு?"

"நான் எடுக்கலை அண்ணா. தாத்தாவுக்கு ரொட்டி கொண்டுவந்தேன். தூங்கிட்டிருந்தார். வச்சுட்டுப் போயிட்டேன்."

"ரொட்டியும் வட்டம், வளையமும் வட்டம். கை மாறிப் போச்சு போல!" என்றது ஒரு குரல். கூட்டம் சிரித்தது.

லித்தியாவுக்குக் காது சூடானது. சீட்டு எடுக்கும் முன்பே ஒரு குழந்தையைக் கழித்துவிட்டுச் சிரிக்கிறார்கள்.

உள்ளே போனாள். கிழவர் அதே பாயில், கொக்கிக்கு நேர் கீழே சாய்ந்திருந்தார். "மன்னிக்கணும் தாத்தா," என்று முணுமுணுத்து, அவர் தலைக்கு மேலே கை நீட்டிக் கொக்கியைத் தடவினாள். கையை இறக்கியதும், மன்னிப்புக் கேட்கும் ஊர் வழக்கப்படி உள்ளங்கைகளைக் குழித்து மெல்லத் தட்டினாள்.

"யாரெல்லாம் வந்தாங்க தாத்தா?"

"வந்தது ரெண்டே பேர்னு வாசல்ல வலை பின்னுற பொம்பளைங்க சொல்றாங்க. ராஜ்நீல், அப்புறம் உங்க மாமா சைலோசி."

"ஏதாவது கேட்டுச்சா?"

"தூக்கத்துல என்ன கேக்கும் பொண்ணே? கனவுல கவா பானம் குடிக்கிற விருந்து. கிண்ணம் வாங்குறப்ப தட்டுவோமே, அப்படி யாரோ கை தட்டினாங்க. கிண்ணம் வரும்னு பார்த்தேன், வரலை. முழிச்சிட்டேன்."

லித்தியா வெளியே வந்தாள்.

"மாமா, நீங்க எதுக்குப் போனீங்க?"

"பெரியவர் எழுந்துட்டாரான்னு பார்க்க. வாசப்படியிலயே நின்னுட்டுத் திரும்பிட்டேன்."

"உள்ளே போகலை?"

"இல்லைங்கறேன்ல! உடுப்பு மாட்டினதும் மாமாவையே விசாரிக்கறியா?"

"விசாரிக்கறேன். தாத்தா கனவு காணலை. யாரோ நிஜமாவே தட்டியிருக்காங்க. ராஜ்நீல் ஒத்தைக் கையால வளையத்தை எடுத்திருக்கலாம். ஒத்தைக் கையால தட்ட முடியுமா? வாசப்படியில நின்னவங்க தட்ட வேண்டியதே இல்லை. தலைக்கு மேல கை நீட்டினவங்கதான் தட்டணும்."

சைலோசியின் கை தன்னையறியாமல் இடுப்பு மடிப்புக்குப் போனது. லித்தியா கையை நீட்டினாள். அவர் வளையத்தை எடுத்துக் கொடுத்தார்.

"சின்ன வயசுப் பழக்கம், திருடும்போதும் விடலை. கிழவர் தலைக்கு மேல கை நீட்டினதுக்கு மன்னிப்புக் கேட்டீங்க. அந்தப் பொண்ணு உயிர்மேல கை வச்சதுக்கு யாருகிட்ட கேட்டீங்க?" கூட்டத்தின் பக்கம் திரும்பினாள். "நீங்க சிரிச்சீங்களே, நீங்க யாருகிட்ட கேப்பீங்க?"



"ராத்திரி இலியேசா மூச்சுக்குத் திணறுறதை நீ கேட்டிருக்கியாம்மா?" என்றார் சைலோசி.

"கேட்டிருக்கேன். ஷயாலும் அப்படித்தான் திணறுறா."

வளையத்தைத் தன் பையில் போட்டுப் பூட்டினாள். ஒரு துண்டுத் தாளில் ஷயால் பெயரை எழுதி மடித்தாள். அடுத்த தாளை எடுத்தபோது சைலோசி நெருங்கி வந்தார். குரல் தேய்ந்திருந்தது.

"எங்க பையன் பேரு... அடிச்சிட்டியா?"

"எதுக்கு?" என்றாள் லித்தியா, எழுதிக்கொண்டே. "அவன் என்ன திருடினான்?"