மேல்மாடத்துச் சீழ்க்கை

பனிமூட்டம் வண்டிச் சக்கரம்வரை இறங்கியிருந்த ஒரு டிசம்பர் பிற்பகலில் நானும் என் தங்கை செலிண்டாவும் அந்த ஊர் அரங்கின் வாசலில் இறங்கினோம். வட இத்தாலியின் போ ஆற்றுச் சமவெளியில் எந்த ஊருக்குப் போனாலும் ஓர் ஓபெரா இசைநாடக அரங்கு இருக்கும். ஆனால் இந்த ஊரின் பெயரைக் கேட்டால் மட்டும் பாடகிகள் சிலுவைக்குறி போட்டுக்கொள்வார்கள். மேல்மாடத்தில் மலிவு இருக்கைகளில் உட்காருபவர்களுக்கு இங்கே காது கூர்மை, நாக்கு அதைவிடக் கூர்மை. இவர்கள் பிடிக்காமல் சீழ்க்கையடித்து இறக்கிவிட்ட பாடகியை அக்கம்பக்கத்து அரங்குகள் வாசலில்கூட நிற்க விடமாட்டா.

அரங்கை நடத்திய லத்தான்ஸியோ எங்களை வரவேற்கவில்லை. சந்தையில் மாடு பார்ப்பதுபோலச் செலிண்டாவை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு என்னிடம், "குரல் இருக்கா, இல்ல மூஞ்சி மட்டுந்தானா?" என்று கேட்டார்.

அவள் பாட வேண்டிய ஓபெராவை எழுதியவர் அந்த ஊர்க்காரர். பல ஆண்டுகளுக்கு முன் அது ஒரே ஒரு முறை மேடையேறி, சீழ்க்கையிலும் கூச்சலிலும் அமிழ்ந்துபோனது. மனிதர் மனம் உடைந்து செத்தார். பிறகு மிலானில் யாரோ அவருடைய பாட்டைப் புகழ, ஊருக்குத் திடீரென்று பெருமை பிடித்துக்கொண்டது. அன்றைக்கு ஊளையிட்ட அதே ஆட்கள் அரங்கின் கூடத்தில் அவருக்குப் பளிங்குச் சிலை வைத்திருந்தார்கள்.

நாங்கள் தங்கிய வீட்டுக்காரி தெசோலினா சூப்பை மேசையில் வைத்துக்கொண்டே மற்றதைச் சொன்னாள். அந்த முதல் நாளில் பாடியவள் ரொஸ்முந்தா என்ற பெண். காய்ச்சலில் கொதித்துக்கொண்டிருந்தவளை சூடு தணிய நெற்றியில் வினிகரில் நனைத்த துணியைப் போட்டு மேடைக்குத் தள்ளியிருக்கிறார்கள். நாயகிக்குப் பித்துப் பிடிக்கும் காட்சியில் அவள் குரல் உடைந்தது. மேல்மாடம் சீழ்க்கையடித்தது. அவள் விழுந்தாள். நடிக்கிறாள் என்று நினைத்து இன்னும் பலமாக அடித்தார்கள். திரை இறங்கியபோது அவளுக்கு மூச்சு இல்லை.

"நீங்களும் அன்னைக்கு இருந்தீங்களா?" என்று கேட்டேன்.

"இருந்தேன். அடிச்சேன்," என்றாள் தெசோலினா, கண் தாழ்த்தாமல். "பாட்டு மோசமா இருந்திச்சு. வேறென்ன செய்யச் சொல்றீங்க?"

மறுநாள் பிற்பகல் ஒத்திகை. மேடையில் ஒரே ஒரு விளக்கு. அதற்கு அப்பால் வெல்வெட் நாற்காலிகளும் மாடங்களும் இருட்டுக்குள் ஒன்றின்மேல் ஒன்றாக ஏறிப்போயின. எண்ணெய்ப் புகையும் ஈரத் துணியின் புழுக்க நாற்றமும் எங்கும் நிறைந்திருந்தன. செலிண்டா பித்துக் காட்சியைப் பாடத் தொடங்கினாள். அவள் குரல் ஏற ஏற, எனக்கு இன்னொரு வாடை தெரிந்தது.

வினிகர்.

அடுத்த கணம் மேல்மாடத்திலிருந்து மெல்லிய ஒரு சீழ்க்கை இறங்கியது. மேடையில் எல்லாரும் நிமிர்ந்து பார்த்தார்கள். லத்தான்ஸியோ கெட்ட வார்த்தையில் திட்டிக்கொண்டே படியேறினார். நானும் பின்னால் போனேன். மேல்மாடத்துக் கதவு வெளியிலிருந்து தாழிட்டிருந்தது. உள்ளே பெஞ்சுகள் கவிழ்ந்து கிடந்தன. தூசியில் எலி ஓடிய தடம்கூட இல்லை.

"காத்துதான்," என்றார் அவர்.

அவர் சொல்லி வாய் மூடவில்லை. எங்கள் இருவருக்கும் நடுவில், காதோடு காதாக, அது மறுபடி கேட்டது.

என் கன்னத்தில் மூச்சு பட்டது. சுடும் மூச்சு. காய்ச்சல்காரியின் மூச்சு.

லத்தான்ஸியோ இறங்கிப்போனார். ஆனால் நிகழ்ச்சியை நிறுத்தவில்லை. ஊர்ச் சபைக்கு அது மானப் பிரச்சினை.

அன்று மாலை நான் செலிண்டாவிடம் கெஞ்சினேன். இந்த ஊர் வேண்டாம், காலை வண்டியிலேயே திரும்பிவிடலாம் என்றேன். அவள் தலைவாரிக்கொண்டே கண்ணாடியில் என்னைப் பார்த்தாள். நானும் ஒரு காலத்தில் பாடியவள். தொண்டையில் வந்த நோய் என் குரலைக் கொண்டுபோயிருந்தது.

"உன் குரல் போச்சுன்னா என்னுதும் போகணுமாக்கா?" என்றாள்.

நான் எழுந்து போய் அவளுடைய மேடை உடையை மடித்து வைத்தேன்.

கிறிஸ்துமஸுக்கு மறுநாள், புனித ஸ்டீபன் திருநாளன்று, அரங்கு நிரம்பி வழிந்தது. மேல்மாடத்தில் தெசோலினாவும் அவள் கூட்டாளிகளும் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து, வேட்டைக்கு வந்தவர்கள்போலக் காத்திருந்தார்கள். நான் மேடையின் பக்கத் திரைக்குப் பின்னால் நின்றேன். பித்துக் காட்சி வந்தது.

அன்றுபோல் என் தங்கை அதற்குமுன் பாடியதில்லை. எதிரிகளாக வந்தவர்களின் முகங்கள் ஒவ்வொன்றாக இளகுவதைப் பார்த்தேன். கைக்குட்டைகள் வெளியே வந்தன. தெசோலினாவே அழுதாள். கடைசிச் சுரம் மேற்கூரைவரை போய் மெதுவாகக் கரைந்தது.

சத்தமே இல்லை.

முன்வரிசையில் ஒரு முதியவர் கைதட்ட இரண்டு கைகளையும் தூக்கினார். கைகள் ஒன்றையொன்று தொடவில்லை. பாதியில் நின்று நடுங்கின. அவர் உதடுகள் குவிந்தன.

சீழ்க்கை வந்தது.

பக்கத்தில் இருந்தவள் வாயிலிருந்தும். அடுத்தவன் வாயிலிருந்தும். மாடம் மாடமாக அது ஏறியது. கண்களில் கண்ணீர் வழிய, திகிலில் விழி பிதுங்க, அரங்கு முழுவதும் சீழ்க்கையடித்தது. தெசோலினா இரண்டு கைகளாலும் தன் வாயைப் பொத்தினாள். விரல் இடுக்குகளில் அது பீறிட்டு வந்தது.

செலிண்டா தடுமாறி என் பக்கம் திரும்பினாள். 'நல்லா பாடினேடி' என்று சொல்ல வாயெடுத்தேன்.

என் உதடுகளும் குவிந்திருந்தன.

அப்போதுதான் அந்த இரைச்சலுக்கு அடியில் வேறொரு சத்தம் கேட்டது. மேல்மாடத்தின் கடைசி வரிசையில், வெள்ளை உடையில், நெற்றியில் ஈரத் துணியோடு ஒருத்தி எழுந்து நின்றிருந்தாள். அந்த அரங்கில் அவள் ஒருத்தி மட்டும் நிதானமாக, என் தங்கையையே பார்த்தபடி, கைதட்டிக்கொண்டிருந்தாள்.

திரை இறங்கியதும் எல்லார் வாயும் விடுபட்டது. அதன்பின் அந்த ஊர் பட்ட வெட்கம் கொஞ்சமல்ல. எங்கள் வாசலில் பூக்களோடு வந்து நின்றார்கள். லத்தான்ஸியோ தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, இனி இந்த ஓபெராவைத் தொடமாட்டேன் என்றார். செலிண்டா யாருக்கும் பதில் சொல்லவில்லை. முதல் வண்டியில் கிளம்பினோம்.

அவள் அதிகம் பேசாமல் போனது அதிர்ச்சியால் என்றுதான் நினைத்தேன். நான் ஏதாவது சொன்னால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். கோபம் ஆறட்டும் என்று விட்டுவிட்டேன். ஆனால் பாட்டை அவள் விடவில்லை. நடந்ததைக் கேள்விப்பட்ட கிரெமோனா நகரத்து அரங்கு, அதிசயத்தைப் பார்க்கும் ஆசையிலோ என்னவோ, வசந்தத்தில் அவளை அழைத்தது. ஓபெரா வேறு, ஊர் வேறு.

அங்கே அவள் பாடி முடித்ததும் அரங்கமே எழுந்து நின்றது. அப்படி ஒரு கைதட்டலை நான் கேட்டதில்லை. மேடையெங்கும் பூக்கள் விழுந்தன. நானும் உள்ளங்கை சிவக்கத் தட்டினேன், அழுதேன்.

அவள் தலைகுனிந்து வணங்கிவிட்டு உள்ளே வந்தாள். முகத்தில் ஒரு சொட்டு ரத்தமில்லை.

"ஏன்க்கா எல்லாரும் என்னை இப்படி வெறுக்கறாங்க?"

நான் அவளைக் கட்டிக்கொண்டேன். "பைத்தியமே, கைதட்டறாங்கடி. நல்லா கேளு," என்றேன்.

அவள் என் வாயையே வெகுநேரம் பார்த்தாள். பிறகு என் கைகளைத் தன் தோளிலிருந்து மெதுவாக எடுத்துவிட்டாள்.

"போதும்க்கா, நிறுத்திடு," என்றாள். "அந்த ஊர்லேருந்து வந்த நாளா நீ விசில்தான் அடிச்சிட்டிருக்க. ஒரு வார்த்தை பேசேன்."