பிட்டுக்கும் தொதலுக்கும் ஒரு கிண்ணம்

"விடுங்கோ... நான்தான் முதல்ல கண்டனான்!"

துர்க்கா கிண்ணப் பெட்டியின் ஒரு மூலையைப் பிடித்திருந்தாள். மறு மூலையில் கையுறை போட்ட இன்னொரு கை. கென்னடி ரோட்டுக் கடையில், மின்சாரத்தில் சூடேறும் தண்ணீர்க் கிண்ணம் அது ஒன்றுதான் மிச்சம். ஒன்லைனில் இனி பெப்ரவரிக்குத்தான் வருமாம்.

"பாத்தது நீங்களா இருக்கலாம். கை வெச்சது நானுங்க."

தமிழ்நாட்டுத் தமிழ். பனி உருகி ஈரமான இமைகள்... அதற்குக் கீழே சிரிக்கிற கண்கள். இந்த நேரத்தில் இதையெல்லாம் கவனித்த தன் மேலேயே அவளுக்கு எரிச்சல் வந்தது.

"என்ர முயலுகள் பல்கனியில நிக்குது. தண்ணி உறைஞ்சா என்னத்தைக் குடிக்கிறது? உங்களிட்டையும் முயலோ?"

"இல்லீங்க... இட்லி மாவு." அவன் காது சிவந்தது. "மூணு வாரமா புளிக்கவே இல்ல. இது மேல வெச்சா பொங்குமான்னு..."

துர்க்காவின் நாக்கு நுனிவரை ஒன்று வந்தது. விழுங்கிவிட்டாள்.

"இட்லிக்கோ! கொண்டு போங்கோ."

"ஐயோ, முயலுக்குன்னா நீங்களே எடுத்துக்கங்க."

"ஒருத்தரும் எனக்கு இரங்கத் தேவையில்லை!"

விறுவிறுவென்று வெளியேறினாள். ரோசம் அவளிடம் எப்போதும் தாராளமாகவே கையிருப்பில் இருந்தது.

வீட்டில் அம்மா யோகமலருக்கு ஆஸ்மா. முயல் மயிர் ஆகாது. அதனால், பலகாரங்களின் பெயர் சூட்டிய முயல்கள் இரண்டும், வெள்ளைப் பிட்டும் மண்ணிறத் தொதலும், பல்கனியில், வைக்கோல் நிறைத்த பெட்டியில் இருந்தன. அம்மா ஒரே ஒரு நிபந்தனை போட்டிருந்தார்.

"வாயில்லாச் சீவன்கள் தவிக்கிறதை நான் பாத்துக்கொண்டிருக்கமாட்டன். ஒரு நாள் தண்ணி உறைஞ்சாலும் ரெண்டும் ஸ்ரௌவ்வில் எண்ட ஊரில மாமா வீட்டைதான்."

உறைய விடுவேனா பார்க்கலாம் என்று துர்க்கா கச்சை கட்டிக்கொண்டு இறங்கினாள். இரண்டு சாதாரணக் கிண்ணங்கள். ஒன்று வெளியே, மற்றது குசினியில் உருகிக்கொண்டிருக்கும். காலையில் மாற்றுவாள். வேலை பார்க்கும் அஜின்கோர்ட் மருந்துக்கடையிலிருந்து மத்தியானம் பஸ் பிடித்து டோர்செட் பார்க் வீட்டுக்கு ஓடிவந்து மாற்றுவாள். மாலையில், படுக்கும் முன் மறுபடியும்... விரல்கள் வெடித்தன. விடவில்லை.

மூன்றாம் நாள் அவள் குடியிருக்கும் கட்டடத்தின் லிஃப்ற் கதவு திறந்தது. உள்ளே அதே கண்கள்! பதினோராம் மாடியாம். கௌஷிக்காம். வீட்டிலிருந்தே கம்ப்யூட்டர் வேலையாம்.

"முயல் தண்ணி குடிச்சுதுங்களா?"

"உங்கட மா பொங்கினதோ?"

"அது நல்லா தூங்குதுங்க."

சிரிப்பைத் தன் ஏழாம் மாடி வரை அடக்குவது பெரும்பாடாகிவிட்டது. பிறகு வந்த லிஃப்ற் சந்திப்புகளில் மத்தியான ஓட்டம், அம்மாவின் நிபந்தனை எல்லாவற்றையும் அவனிடம் சொன்னாள். "கிண்ணம் இருக்குங்க..." என்று அவன் தொடங்கினால் மட்டும், "வேண்டாம்!"

பன்னிரண்டாம் நாள் பனிப்புயல். மைனஸ் இருபத்துநாலு. மத்தியானமே பஸ்கள் நின்றுவிட்டன. மூன்று மணிக்குக் கடையைப் பூட்டியதும் துர்க்கா நடந்தாள். முழங்கால் வரை பனி. முகத்தில் ஊசி ஊசியாகக் காற்று. 'மாமா வீட்டிலையும் இல்லை, எங்கேயும் இல்லை... என்னோடதான் இருக்கவேணும்.' அழுகை வந்தது. அழுதுகொண்டே நடந்தாள்.

சப்பாத்தோடு பல்கனிக்கு ஓடிக் கதவைத் திறந்தவள் அப்படியே நின்றாள்.

அதே சூடேறும் கறுப்புக் கிண்ணம். மெல்லிய ஆவி. தொதல் சாவகாசமாகத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தது.

"பதினோராம் மாடித் தம்பி மத்தியானம் கிண்ணத்தைக் கொண்டுவந்து பூட்டித் தந்தவர்" என்றார் அம்மா உள்ளேயிருந்து. "'உங்க பொண்ணு திட்டுவாங்க, நான்னு சொல்லாதீங்க' எண்டவர். நான் ஏன் பொய் சொல்லவேணும்?"

லிஃப்ற்றுக்குக் காத்திருக்க அவளுக்குப் பொறுமை இல்லை. நாலு மாடியும் ஏறி அவன் கதவைத் தட்டினாள்.

"ஏன் தந்தனீங்கள்?"

"மாவு புளிக்கலன்னா உப்புமா கிண்டிக்கலாம். முயலுக்கு வேற வழி இல்லீங்களே." கௌஷிக் தலையைக் குனிந்தான். "உண்மையச் சொல்லட்டுமா... இன்னைக்கு வரைக்கும் கிண்ணத்தோட பெட்டியவே பிரிக்கல. என்னைக்காவது நீங்க கேப்பீங்கன்னு..."

துர்க்கா நேரே அவன் சமையலறைக்குள் போனாள். அவன் தொடவே மறந்திருந்த ஓவனைத் திறந்து, உள்ளே இருந்த லைற்றை மட்டும் போட்டாள்.

"மாச் சட்டியை இதுக்குள்ள வையுங்கோ. சூட்டைப் போடாதேங்கோ, லைற்றின்ர இளஞ்சூடே காணும். காலமை பொங்கி வழியும்."

"இவ்வளவுதானா!"

"ஓம். கடையிலயே எனக்குத் தெரியும். சொல்லியிருந்தா கிண்ணம் எனக்குத்தான். ரோசத்தில சொல்லேல்லை."

"சரி... லிஃப்ட்லயாவது சொல்லியிருக்கலாமே?"

அவள் முகம் சிவந்தது. இந்த முறை குளிரால் அல்ல.

"சொன்னா மா பொங்கிடும். பிறகு எதைக் கேட்டு உங்களோட கதைக்கிறது?"

கௌஷிக் கண்ணால் சிரித்தபடி சுவிட்சுக்குக் கை நீட்டினான்.

"அப்ப லைட்ட அணைச்சிடட்டுங்களா?"

வெடித்த விரல்களால் அந்தக் கையை எட்டிப் பிடித்தாள் துர்க்கா.

"வேண்டாம், பொங்கட்டும். எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு, கௌஷிக்... இனி மாவைச் சாட்டிக் கதைக்கத் தேவையில்லை."